சாலை விபத்தில் வீட்டில் ஒருவர் இறந்துவிட்டால்: இழப்பீடு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் வக்கீல் குமாஸ்தாவாக இருபது வருடத்துக்கு மேல் ஓட்டிவிட்டேன். அதில் பாதிக்கு மேல் எம்.சி.ஓ.பி. கட்டுகள்தான். அதாவது, மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டு மனுக்கள். பெரும்பாலும் கருமாதி முடிந்த மறுவாரம் வருவார்கள். ஒரு மஞ்சள் பை, அதற்குள் ஒரு பாலிதீன் கவர், அதற்குள் நாலாக மடித்த எஃப்.ஐ.ஆர். நகல். கேள்விகளும் அநேகமாக இதே வரிசையில்தான் வரும். 2022-ல் மட்டும் தமிழ்நாட்டுச் சாலைகளில் 17,884 பேர் இறந்தார்கள் என்கிறது மத்திய அரசின் கணக்கு. அத்தனை வீடுகளிலும் இந்தக் கேள்விகள் எழுந்திருக்கும். நான் வக்கீல் இல்லை. பொதுவாக நடப்பதைத்தான் எழுதுகிறேன். உங்கள் வழக்கில் என்ன செய்வது என்பதை உங்கள் வக்கீலிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

போலீஸ் கேஸ் நடக்கிறதே, அதிலேயே பணம் வந்துவிடாதா?

வராது. அது வேறு, இது வேறு. போலீஸ் போடுவது குற்ற வழக்கு. முன்பு இந்திய தண்டனைச் சட்டம் 304ஏ என்றிருந்தது, 2024 ஜூலையிலிருந்து பாரதிய நியாய சன்ஹிதா 106 ஆகிவிட்டது. அதில் ஓட்டுநருக்குத் தண்டனை கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். இழப்பீட்டுக்கு 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 166-வது பிரிவின்கீழ் நீங்கள் தனியாக மனுப் போட வேண்டும். அதை விசாரிப்பது மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம். பெயர் பெரிதாக இருந்தாலும், மாவட்டங்களில் மாவட்ட நீதிபதியோ சார்பு நீதிபதியோதான் அந்த நாற்காலியில் இருப்பார். சென்னையில் உயர் நீதிமன்ற வளாகத்துக்குள் இருக்கும் சிறு வழக்குகள் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும்.

ஓட்டுநர் குற்ற வழக்கில் விடுதலையாகிவிட்டார் என்று கேள்விப்பட்டு, எல்லாம் போச்சு என்று அழுதுகொண்டு வருபவர்கள் உண்டு. போகவில்லை. அங்கே சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். இங்கே, இப்படித்தான் நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும்.

எஃப்.ஐ.ஆரில் நாங்கள் என்ன பார்க்க வேண்டும்?

முதலில், எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர் என்று யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். சிரிக்காதீர்கள். இறந்தவரையே எதிரியாகக் காட்டிய எஃப்.ஐ.ஆர்.கள் என் மேசைக்கு நிறைய வந்திருக்கின்றன. இடித்த லாரி நின்றிருக்கும், லாரிக்காரர் தெளிவாக இருப்பார், நம் ஆள் பேச முடியாத நிலையில் இருப்பார். யார் முதலில் ஸ்டேஷனுக்குப் போகிறார்களோ அவர்கள் சொன்னதே கதை ஆகிவிடும். அதனால், புகாரில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் ஒரு தடவை முழுக்கப் படியுங்கள். படிக்கத் தெரியாவிட்டால் படிக்கத் தெரிந்த ஒருவரைக் கூட்டிப் போங்கள். மனம் அப்போது எங்கே இருக்கும் என்று எனக்கும் தெரியும். ஆனாலும் சொல்கிறேன்.

அதைவிட முக்கியமான இன்னொரு காகிதம் ஆஸ்பத்திரியில் இருக்கிறது. ஏ.ஆர். காப்பி என்பார்கள், விபத்துப் பதிவேட்டின் நகல். அடிபட்டவரைக் கொண்டு சேர்த்ததும் டூட்டி டாக்டர், "எப்படி நடந்தது?" என்று கேட்பார். கூட வந்த யாரோ ஒரு புண்ணியவான், பதற்றத்தில், "பைக் ஸ்கிட் ஆகி விழுந்துட்டார் சார்" என்று சொல்லிவிடுவார். அந்த ஒரு வரி பதிவாகிவிடும். இரண்டு வருடம் கழித்து இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் அதே வரியைத்தான் எடுத்து நீட்டுவார்: வேறு வாகனம் மோதவே இல்லை, தானாக விழுந்தவர். ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள் தெரிந்ததை மட்டும் சொன்னால் போதும். பார்க்கவில்லையா? பார்க்கவில்லை என்றே சொல்லுங்கள்.

என்னென்ன காகிதங்கள் சேர்க்க வேண்டும்?

போலீஸ் பக்கத்திலிருந்து எஃப்.ஐ.ஆர்., ரஃப் ஸ்கெட்ச், பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதும் குறிப்பு), மோட்டார் வாகன ஆய்வாளரின் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, பிறகு குற்றப்பத்திரிகை. உங்கள் பக்கத்திலிருந்து இறப்புச் சான்று, வாரிசுச் சான்று (இ-சேவை மையம் மூலம் தாசில்தாருக்கு விண்ணப்பிப்பது), எல்லோருடைய ஆதார், பாஸ்புக். சில நாள் சிகிச்சையில் இருந்து இறந்தார் என்றால் மருந்துக் கடை பில் வரைக்கும் சேர்த்து வையுங்கள். அதையும் கேட்கலாம்.

இடித்த வாகனத்தின் ஆர்.சி., இன்சூரன்ஸ், ஓட்டுநர் உரிமம் ஆகிய விவரங்களைக் கொடுக்க வேண்டியது போலீஸின் கடமை. சட்டமே அப்படித்தான் சொல்கிறது. 2022-ல் வந்த விதிகளின்படி விபத்து நடந்த 48 மணி நேரத்தில் முதல் விபத்து அறிக்கையும், 90 நாட்களுக்குள் விரிவான அறிக்கையும் விசாரணை அதிகாரி தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். அந்த அறிக்கையையே தீர்ப்பாயம் மனுவாக எடுத்துக்கொள்ளவும் சட்டத்தில் இடம் இருக்கிறது. காகிதத்தில் அழகாக இருக்கிறது. ஆனால் அதை நம்பி நீங்கள் மனுப் போடாமல் இருக்க வேண்டாம்.

அவருக்குச் சம்பளச் சீட்டு எதுவும் கிடையாது. கூலி வேலைதான். வருமானத்தை எப்படிக் காட்டுவது?

என்னைக் கேட்டால் இந்த வழக்குகளில் பணம் கூடுவதும் குறைவதும் இந்த ஒரு இடத்தில்தான். தப்பு யார் மேல் என்பதற்குப் போலீஸ் காகிதம் ஏதாவது பேசும். மனிதர் எவ்வளவு சம்பாதித்தார் என்பதை நீங்கள்தான் பேச வைக்க வேண்டும். கையில் வாங்கிக் கையிலேயே செலவழித்தவருக்கு ஆதாரம் எங்கே இருக்கும் என்று பலர் தொடக்கத்திலேயே கையை விரித்துவிடுகிறார்கள்.

ஒரு கொத்தனாரின் மனைவி வந்திருந்தார். கணவருக்கு 38 வயது. மனைவி, இரண்டு பிள்ளைகள், அம்மா. ஆதாரம் ஒன்றுமே இல்லை என்றுதான் அந்த அக்காவும் சொன்னார். பேசிக்கொண்டே இருக்கும்போது, "சனிக்கிழமை கூலி வாங்கினா நோட்டுல எழுதுவாரு" என்றார். எந்த நோட்டு? அரிசி டப்பாவுக்குப் பின்னால் செருகியிருந்த நாற்பது பக்க நோட்டு. மறுநாள் கொண்டுவந்தார். பென்சில் எழுத்து. வாரா வாரம் தேதி, பக்கத்தில் 4,200. சில வாரங்களில் 'முன்பணம் 500 கழித்து' என்று இருந்தது. மழைக்காலத்தில் சில வாரம் வெறும் கோடு. அந்தக் கோடுகள்தான் நோட்டைக் காப்பாற்றின என்பேன். வழக்குக்காக உட்கார்ந்து எழுதியிருந்தால் ஒரு வாரம்கூட விட்டுப்போயிருக்காது. மேஸ்திரியும் வந்து கூண்டில் ஏறி, நான்தான் கூலி கொடுத்தேன் என்று சாட்சி சொன்னார். மாதம் 18,000 என்று நீதிபதி ஏற்றுக்கொண்டார்.

நோட்டு இல்லாதவர்கள் வேறு இடங்களில் தேடலாம். ஜிபே, போன்பே வரவுகள். மகளிர் குழுக் கடனில் கணவர் தொழில் என்று எழுதிய பாரம். கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை. சீட்டுக் கட்டிய அட்டை, வண்டிக்குக் கட்டிய மாதத் தவணை, பிள்ளையின் பள்ளிக் கட்டண ரசீது. மாதம் 6,000 தவணை கட்டியவர் 8,000 சம்பாதித்தார் என்று யாரும் சொல்ல முடியாது. கடை வைத்திருந்தவர் என்றால் மொத்த வியாபாரி பில்கள். வருமான வரிக் கணக்குத் தாக்கல் செய்தவர் என்றால் பிரச்சினையே இல்லை. ஆனால், இறந்த பிறகு அவசரமாகத் தாக்கல் செய்த கணக்கைச் சந்தேகமாகத்தான் பார்ப்பார்கள்.

எதுவுமே இல்லாவிட்டாலும் மனுவைத் தள்ளிவிட மாட்டார்கள். நீதிமன்றமே உத்தேசமாக ஒரு வருமானத்தை வைத்துக்கொள்ளும். காய்கறி வியாபாரி ஒருவருக்கு எந்த ஆதாரமும் இல்லாமலே, 2008-ல் நடந்த விபத்துக்கு மாதம் 6,500 என்று உச்ச நீதிமன்றம் 2014-ல் வைத்தது. அந்தத் தீர்ப்பைத்தான் இன்றைக்கும் வக்கீல்கள் எடுத்துக் காட்டுகிறார்கள். ஆனால் உத்தேசம் என்பது எப்போதும் ஒரு படி கீழேதான் நிற்கும்.

சரி, எவ்வளவு கிடைக்கும்?

கணக்கு ஒன்று இருக்கிறது, ரகசியம் ஒன்றுமில்லை. 2009-ல் சரளா வர்மா வழக்கு, 2017-ல் பிரணய் சேத்தி வழக்கு. உச்ச நீதிமன்றத்தின் இந்த இரண்டு தீர்ப்புகள்தான் அடிப்படை. கொத்தனார் கணக்கையே போட்டுக் காட்டுகிறேன்.

மாத வருமானம் 18,000. எதிர்காலத்தில் கூலி ஏறியிருக்கும் அல்லவா, அதற்காக 40 வயதுக்குக் கீழே உள்ள சுயதொழில் அல்லது கூலிக்காரருக்கு 40 சதவீதம் கூட்டுவார்கள். ஆக 25,200. அவர் உயிரோடு இருந்தால் தனக்கென்று கொஞ்சம் செலவழித்திருப்பார். அவரை நம்பி நான்கு பேர் இருந்ததால் நான்கில் ஒரு பங்கைக் கழிப்பார்கள். மீதி 18,900. வருடத்துக்கு 2,26,800. இதை மல்டிப்ளையர் என்கிற எண்ணால் பெருக்க வேண்டும். 36-லிருந்து 40 வயதுக்கு அது 15. ஆக 34,02,000.

இதோடு மனைவிக்குக் கணவரை, பிள்ளைகளுக்கு அப்பாவை, தாய்க்கு மகனை இழந்ததற்காக ஆளுக்கு ஒரு தொகை. 2017-ல் 40,000 என்று வைத்து, மூன்று வருடத்துக்கு ஒருமுறை 10 சதவீதம் கூட்டச் சொன்னதால் 2023 நவம்பரிலிருந்து 48,400 என்று கணக்கிடுகிறார்கள். நான்கு பேருக்கு 1,93,600. ஈமச் செலவுக்கு 18,150, சொத்து இழப்பு என்ற தலைப்பில் இன்னொரு 18,150. மொத்தம் 36,31,900. மனுப் போட்ட தேதியிலிருந்து வட்டி தனி. தமிழ்நாட்டில் பெரும்பாலும் 7.5 சதவீதம் போடுகிறார்கள்.

இப்போது அந்த நாற்பது பக்க நோட்டு இல்லை, நீதிபதி உத்தேசமாக 12,000 வைத்தார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதே கணக்கில் 34,02,000 என்பது 22,68,000 ஆகிவிடும். அரிசி டப்பாவுக்குப் பின்னால் இருந்தது 11,34,000 ரூபாய்.

மற்ற எண்கள்: நிரந்தர வேலையில் இருந்தவருக்கு 40 வயதுக்குள் 50 சதவீதம், 40-லிருந்து 50-க்குள் 30, 50-லிருந்து 60-க்குள் 15 சதவீதம் கூட்டுவார்கள். கூலி, சுயதொழில் என்றால் 40, 25, 10. கழிப்பது, இரண்டு மூன்று பேர் சார்ந்திருந்தால் மூன்றில் ஒரு பங்கு. ஆறு பேருக்கு மேல் என்றால் ஐந்தில் ஒன்று. கல்யாணம் ஆகாதவர் என்றால் பொதுவாகப் பாதி. மல்டிப்ளையர் 25 வயது வரைக்கும் 18, அதற்குப் பிறகு படிப்படியாக இறங்கும். 46-லிருந்து 50-க்கு 13, 56-லிருந்து 60-க்கு 9, 65-ஐத் தாண்டினால் 5. கல்யாணமாகாத பையன் இறந்தால் அம்மாவின் வயதை வைத்துக் கணக்கிடுவேன் என்று இன்சூரன்ஸ் தரப்பு சொல்லும். கூடாது. இறந்தவரின் வயதுதான்.

ஆதாரில் வயது தப்பாக இருக்கிறது. பரவாயில்லையா?

பரவாயில்லை என்று விட்டுவிடாதீர்கள். நம் ஊரில் பாதிப் பேர் ஜனவரி 1-ஆம் தேதி பிறந்தவர்கள். ஆதார் எடுத்த பையன் தோராயமாகத் தட்டிவிட்ட தேதி அது. மேலே சொன்ன கொத்தனாருக்கு ஆதாரில் 41 என்று இருந்தால் என்ன ஆகும்? 40 சதவீதம் 25 ஆகும், 15 என்ற மல்டிப்ளையர் 14 ஆகும். 34,02,000 இறங்கி 28,35,000-ல் நிற்கும். மூன்று வயசுக்கு 5,67,000 ரூபாய்.

ஆதார் பிறந்த தேதிக்கு ஆதாரம் ஆகாது என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் ஒரு விபத்து வழக்கிலேயே சொல்லிவிட்டது. அதில் பள்ளி மாற்றுச் சான்றிதழில் இருந்த தேதியைத்தான் எடுத்துக்கொண்டார்கள். ஐந்தாம் வகுப்போடு நின்றிருந்தாலும் அந்தப் பள்ளிக்கூடத்தில் ஒரு பதிவேடு இருக்கும். போய்க் கேளுங்கள்.

யார் யார் மனுப் போடலாம்? மாமியாரும் மருமகளும் பேச்சு வார்த்தை இல்லாமல் இருக்கிறார்கள்.

மனைவி அல்லது கணவர், பிள்ளைகள், அம்மா, அப்பா. கல்யாணமாகிப் போன மகளும் வேலைக்குப் போகும் மகனும்கூட மனுவில் சேரலாம். இறந்தவரின் அப்பாவைப் பொதுவாகச் சார்ந்திருந்தவராக எண்ணுவதில்லை. அவருக்கு வேறு வருமானம் இல்லை என்று காட்டினால் எண்ணுவார்கள். இறந்தவரோடு கூடவே வாழ்ந்த அவருடைய மாமியாரையும், அதாவது மனைவியின் அம்மாவையும், ஏற்றுக்கொண்டு 2021-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது.

பேச்சு வார்த்தை இல்லை என்றால், ஆளுக்கொரு ஊரில் ஆளுக்கொரு மனு விழும். கடைசியில் இரண்டையும் ஒன்றாகச் சேர்த்துத்தான் விசாரிப்பார்கள், அதற்குள் ஒரு வருடம் போய்விடும். ஒரே மனுவில் இருந்துகொண்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளுங்கள். பங்கைப் பிரிப்பது நீதிபதியின் வேலை.

இறந்தது வீட்டில் இருந்த அம்மா. சம்பாத்தியம் இல்லை என்று சொல்வார்களே?

சொன்னால் கேட்டுக்கொண்டு வராதீர்கள். வீட்டு வேலைக்கும் மதிப்பு உண்டு, அதற்கும் உத்தேச வருமானம் வைத்து எதிர்கால உயர்வையும் கூட்ட வேண்டும் என்பது 2021 ஜனவரியில் வந்த கீர்த்தி வழக்குத் தீர்ப்பு. ஆடு மாடு வைத்திருந்தார், நூறு நாள் வேலைக்குப் போனார், பால் ஊற்றினார் என்றால் அதையும் காட்டுங்கள். பால் சொசைட்டி அட்டை நல்ல ஆதாரம்.

குழந்தை இறந்தாலும் மனுப் போடலாம். முன்பெல்லாம் மிகச் சொற்பமாகவே வைத்துக்கொண்டிருந்தார்கள். குழந்தைக்கும் திறன் பெற்ற தொழிலாளியின் குறைந்தபட்சக் கூலியையாவது வருமானமாக வைக்க வேண்டும் என்று 2025-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

ஹெல்மெட் போடவில்லை. வண்டியில் மூன்று பேர் போனார்கள். கிடைக்காதா?

கிடைக்கும். மூன்று பேர் போனது சட்டப்படி தப்பு, அதற்கு அபராதம் இருக்கிறது. ஆனால் அதனால்தான் விபத்து நடந்தது என்று எதிர்த்தரப்பு காட்டாவிட்டால் அதை மட்டும் வைத்துத் தொகையைக் குறைக்க முடியாது என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஹெல்மெட் விஷயத்தில், தலையில் அடிபட்டு இறந்திருந்தால் பங்குக் கவனக்குறைவு என்று கொஞ்சம் சதவீதத்தைக் குறைக்கும் நீதிபதிகள் உண்டு. உங்கள் வக்கீல் வாதாட வேண்டிய இடம் அது.

தப்பு முழுக்க அவர் மேல்தான். அப்போது?

இடித்த வேறு வாகனமே இல்லை, அவரே வேகமாக ஓட்டிக் கவிழ்த்தார் என்றால் 166-ன்கீழ் கிடைக்காது. 2025 ஜூலையில்கூட உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. ஆனால் அத்தோடு பையை மடித்துக்கொண்டு போய்விடாதீர்கள். வண்டி அவர் பெயரிலேயே இருந்து, உரிமமும் இருந்தால், பாலிசியில் 'உரிமையாளர்-ஓட்டுநர் தனிநபர் விபத்துக் காப்பு' என்று ஒரு வரி இருக்கிறதா பாருங்கள். அதில் 15 லட்சம் வரை உண்டு. அப்புறம் அவருடைய வங்கிப் பாஸ்புக்கை எடுங்கள். வருடத்துக்கு ஒருமுறை 20 ரூபாய் பிடித்திருக்கிறார்களா? அது பிரதம மந்திரி சுரக்ஷா பீமா யோஜனா. விபத்து மரணத்துக்கு 2 லட்சம், தப்பு யார் மேல் என்ற கேள்வியே கிடையாது. இந்த 20 ரூபாயைக் கவனிக்காமல் விட்ட வீடுகள் எத்தனையோ. ரூபே கார்டு இருந்தால் அதிலும் விபத்துக் காப்பு இருக்கலாம், உடனே வங்கியில் கேளுங்கள். நாள் கடந்தால் சிக்கல்.

வண்டிக்கு இன்சூரன்ஸ் இல்லை, டிரைவருக்கு லைசென்ஸ் இல்லை என்கிறார்களே?

இரண்டையும் பிரித்துப் பாருங்கள். இன்சூரன்ஸ் இருந்து, லைசென்ஸ் மட்டும் இல்லை அல்லது போலி என்றால் பெரும்பாலும் கம்பெனியை முதலில் உங்களுக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டு, உரிமையாளரிடம் பிறகு வசூலித்துக்கொள்ளச் சொல்வார்கள். 2004-ல் வந்த சுவரண் சிங் தீர்ப்பிலிருந்து இது நடைமுறை. இன்சூரன்ஸே இல்லை என்றால் உரிமையாளர்தான் பொறுப்பு. வண்டியை விற்றுவிட்டேன், பெயர் மாற்றவில்லை என்று சொன்னால் எடுபடாது, ஆர்.சி.யில் யார் பெயரோ அவர்தான் உரிமையாளர். தீர்ப்பு வாங்கிவிடலாம். பணம் வாங்குவது வேறு கதை.

காதுகுத்துக்கு லோடு வேனில் போனபோது கவிழ்ந்துவிட்டது.

கஷ்டமான கேஸ். சரக்கு வண்டியில் ஆள் ஏற்றிப்போனால் இன்சூரன்ஸ் கம்பெனிக்குப் பொறுப்பில்லை என்பது நிலைத்த சட்டம். சரக்குக்குச் சொந்தக்காரராகவோ அவருடைய பிரதிநிதியாகவோ சரக்கோடு போனவருக்கு மட்டும் விலக்கு. எதிரே வந்த வண்டி மேலும் தப்பு இருந்தால் அந்த வண்டியின் கம்பெனியைச் சேர்க்கலாம். இல்லாவிட்டால் வேன்காரர்தான். அவர் பெரும்பாலும் உங்கள் சொந்தக்காரராகவே இருப்பார் என்பது இன்னொரு வேதனை.

இடித்த வண்டி நிற்காமல் போய்விட்டது. நம்பரும் தெரியாது.

அரசின் திட்டம் ஒன்று இருக்கிறது. இறப்புக்கு 2 லட்சம், படுகாயத்துக்கு 50,000. 2022 ஏப்ரலுக்கு முன் இறப்புக்கு வெறும் 25,000 ஆக இருந்ததை உயர்த்தினார்கள். இதற்குத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டாம். வருவாய்த் துறையில் தாசில்தார் அல்லது கோட்டாட்சியரிடம் விண்ணப்பம், அவர் விசாரித்து அனுப்ப, ஆட்சியர் ஆணையிடுவார். விண்ணப்பிப்பவர்கள் மிகக் குறைவு, காரணம் இப்படி ஒன்று இருப்பதே தெரியாது. சாலைப் பாதுகாப்புக்காகக் கோவை எலும்பு மருத்துவர் எஸ். ராஜசேகரன் தொடர்ந்த வழக்கில்தான், 2024 ஜனவரியில், இந்தத் திட்டத்தைப் பற்றிக் குடும்பத்துக்குப் போலீஸே எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது.

யாரோ ஒருவர், "ஒரு வண்டியைக் காட்டிவிடலாம், நான் பார்த்துக்கொள்கிறேன்" என்று வருவார். விரட்டிவிடுங்கள். சிசிடிவி காலத்தில் அது நிற்காது. உள்ளதும் போய், உங்கள் மேலேயே வழக்கு வரும்.

இன்சூரன்ஸ் கம்பெனிக்காரர் வந்து 5 லட்சம் உடனே தருகிறேன் என்கிறார். வாங்கலாமா?

மோட்டார் வாகனச் சட்டத்தின் 164-வது பிரிவின்கீழ், தப்பு யார் மேல் என்று நிரூபிக்காமலே இறப்புக்கு 5 லட்சம் கிடைக்கும். ஆனால் அதை முறைப்படி ஏற்றுக்கொண்டால் 166-ன்கீழ் போட்ட மனு அத்தோடு முடிந்துவிடும். 70 வயதுத் தாத்தா, ஆதாரம் பலவீனம், சாட்சி இல்லை என்றால் யோசிக்கலாம். சம்பாதிக்கிற வயதுக்காரர் என்றால் மேலே போட்ட கணக்கை உங்கள் எண்களை வைத்து ஒரு தடவை போட்டுப் பார்த்துவிட்டுப் பதில் சொல்லுங்கள்.

எத்தனை நாளுக்குள், எந்த ஊரில் போட வேண்டும்?

2022 ஏப்ரல் 1-லிருந்து நடப்பில் இருக்கும் விதிப்படி ஆறு மாதத்துக்குள். விபத்து நடந்த நாளிலிருந்து எண்ண வேண்டும், இறந்த நாளிலிருந்து அல்ல. இந்தக் காலக்கெடுவை எதிர்த்த வழக்கில், தாமதம் என்று சொல்லி மனுவைத் தள்ள வேண்டாம் என்று 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. இடைக்காலம் என்ற சொல்லைக் கவனியுங்கள். ஆறு மாதத்துக்குள் போட்டுவிடுங்கள்.

விபத்து நடந்த ஊர், நீங்கள் குடியிருக்கும் ஊர், எதிர்மனுதாரர் இருக்கும் ஊர், மூன்றில் எங்கே வேண்டுமானாலும் போடலாம். கிருஷ்ணகிரியில் நடந்த விபத்துக்குத் திருநெல்வேலியிலிருந்து அலைய வேண்டியதில்லை.

வக்கீல் ஃபீஸ் எவ்வளவு சதவீதம்?

கிடைக்கும் தொகையில் சதவீதம் பேசக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி. நடப்பது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். என்ன பேசினீர்களோ அதை எழுதி வாங்குங்கள். பிணவறை வாசலிலேயே வக்காலத்தில் கையெழுத்துக் கேட்கிற ஏஜென்ட்டிடம் எழுதாத தாளில் எதுவும் போட்டுக் கொடுக்காதீர்கள். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் இலவசமாக வக்கீல் கிடைப்பார். 15100 என்ற எண்ணில் கேட்கலாம்.

லோக் அதாலத்துக்கு (சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றம்) வரச் சொல்கிறார்கள். போகலாமா?

போகலாம். சீக்கிரம் முடியும். அங்கே ஒத்துக்கொண்டால் மேல்முறையீடு கிடையாது. உங்களுக்கும் கிடையாது, கம்பெனிக்கும் கிடையாது. போகும்போது கணக்கு கையில் இருக்கட்டும். 36 லட்சம் வர வேண்டிய இடத்தில் 30-க்கு இறங்குவது உங்கள் அவசரத்தைப் பொறுத்தது. 18-க்கு இறங்கச் சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். தப்பு நடந்துவிடாது.

இடித்தது அரசு பஸ். அவர்கள் கொடுப்பார்களா?

கொடுப்பார்கள், ஆனால் தானாக வராது. போக்குவரத்துக் கழகங்கள் இன்சூரன்ஸ் எடுக்காமல் தாங்களே பொறுப்பேற்க விலக்கு வாங்கியவை. தீர்ப்பு வந்து மாதக்கணக்காகியும் பணம் கட்டாவிட்டால் நிறைவேற்று மனுப் போட்டு ஜப்தி உத்தரவு வாங்குவோம். அமீனா (உத்தரவை நிறைவேற்றும் கோர்ட் ஊழியர்) உத்தரவோடு பஸ் ஸ்டாண்டுக்குப் போய், கிளம்பத் தயாராக நிற்கிற பஸ்ஸில் ஒட்டுவார். டிக்கெட் எடுத்த பயணிகள் முணுமுணுத்துக்கொண்டு இறங்குவார்கள். பஸ் கோர்ட் வளாகத்து வேப்ப மரத்தடியில் வந்து நிற்கும். அதற்குப் பிறகுதான் டிப்போவிலிருந்து போன் வரும், "எவ்வளவு நாள் டைம் கொடுப்பீங்க?" என்று.

பணம் மொத்தமாகக் கைக்கு வருமா?

பெரியவர்களின் பங்கு வங்கிக் கணக்குக்கு வரும். நீதிமன்றம் அதிலும் ஒரு பகுதியை வைப்பில் போடச் சொல்லலாம். மைனர் பிள்ளைகளின் பங்கு 18 வயது வரைக்கும் தேசிய வங்கியில் நிரந்தர வைப்பில் இருக்கும். வட்டியைத் தாயார் வாங்கிக்கொள்ளலாம். படிப்புச் செலவு என்று காரணம் காட்டி மனுப் போட்டால் நடுவிலும் கொஞ்சம் எடுக்கலாம். எல்.ஐ.சி., பி.எஃப். பணம் வந்ததைச் சொல்லி இழப்பீட்டில் கழிக்க முடியாது. மனைவி மறுமணம் செய்துகொண்டால் இழப்பீடு இல்லை என்று ஒரு கம்பெனி வாதாடியதைப் பம்பாய் உயர் நீதிமன்றம் 2023-ல் ஏற்கவில்லை.

தொகை போதாது என்றால் 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. மதுரைக் கிளைக்குட்பட்ட மாவட்டம் என்றால் மதுரை.

நான் கூண்டில் ஏற வேண்டுமா? பயமாக இருக்கிறது.

ஏற வேண்டும், பெரும்பாலும் ஒரே ஒரு நாள். நீங்கள்தான் மனுதாரர் தரப்பு முதல் சாட்சி. சொல்ல வேண்டியதை எழுத்தில் முன்பே கொடுத்துவிடுவோம். குறுக்கு விசாரணையில் கம்பெனி வக்கீல் நான்கைந்து கேள்வி கேட்பார். விபத்தை நேரில் பார்த்தீர்களா என்றால், பார்க்கவில்லை என்றால் பார்க்கவில்லை என்று சொல்லுங்கள். பார்த்த சாட்சி வேறு இருப்பார். அப்புறம், "உங்கள் கணவர் மாதம் 18,000 சம்பாதிக்கவில்லை, பணம் பறிக்கப் பொய் சொல்கிறீர்கள் என்கிறேன்" என்பார். கேட்டதும் பலர் உடைந்து அழுதுவிடுகிறார்கள். அது அவர் எல்லா வழக்கிலும் எல்லோரிடமும் கேட்கிற கேள்வி. கேட்காவிட்டால் ஒத்துக்கொண்டது போல ஆகிவிடும் என்பதால் கேட்டே ஆக வேண்டும். "சரியல்ல" என்று ஒரே ஒரு சொல் சொன்னால் போதும். 'என்று சொன்னால் சரியல்ல' என்று டைப்பிஸ்ட் அடித்துக்கொள்வார். அடுத்த கேள்விக்குப் போய்விடுவார்கள்.